டூப்பு: ஹெலன் கிப்சனின் உடம்பும் கம்பெனி வைத்த பெயரும்

நட்சத்திரத்துக்குப் பதிலாக மாடியிலிருந்து குதிக்கிறவரை, கண்ணாடியை உடைத்துக்கொண்டு விழுகிறவரை நம் ஊரில் 'டூப்பு' என்கிறார்கள். அதே சொல்லுக்கு இன்னொரு அர்த்தமும் இருக்கிறது. 'டூப்பு விடாதே' என்றால் பொய் சொல்லாதே என்று பொருள். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். குதித்தவர் பொய், குதிக்காதவர் நிஜம். முட்டி பெயர்ந்தவருக்குப் போலி என்று பெயர், பெயராதவருக்குக் கட்அவுட்டு, பாலாபிஷேகம். யாரோ உட்கார்ந்து திட்டம்போட்டு உண்டாக்கிய சொல் இல்லை இது. ஆனாலும் உழைத்த உடம்புக்கும் பேர் வாங்குகிற முகத்துக்கும் நடுவில் இருக்கிற கணக்கை இவ்வளவு அப்பட்டமாகச் சொல்கிற வேறொரு சொல்லை நான் பார்க்கவில்லை.

இந்தக் கணக்கை வைத்துக்கொண்டு ஒரு நடிகையின் வாழ்க்கையை வாசித்துப் பார்க்கலாம் என்பதுதான் இந்தக் கட்டுரை. அவர் பெயர் ஹெலன் கிப்சன். 1910களில் அமெரிக்காவில் வாராவாரம் வெளியான ரயில் சாகசப் படங்களின் கதாநாயகி. ஸ்டண்டைத் தொழிலாகவே செய்த முதல் அமெரிக்கப் பெண் என்று பொதுவாகக் குறிப்பிடப்படுகிறவர். முதலில் இன்னொரு நடிகைக்கு டூப்பு. பிறகு அவரே கதாநாயகி. அதற்கப்புறம் மறுபடியும் டூப்பு. ஏறக்குறைய ஐம்பது வருஷம் சினிமாவில் இப்படிப் போயிருக்கிறது. வரலாறு எழுதுகிறவர்கள் நடுவில் இருக்கிற சில வருஷத்தை மட்டும் 'சாதனை' என்று எழுதுகிறார்கள். முன்னால் இருப்பது 'ஆரம்ப காலம்', பின்னால் இருப்பது 'வீழ்ச்சி'. ஒவ்வொன்றுக்கும் ஒரு வரி, அவ்வளவுதான். இதைத் தலைகீழாக வாசிக்க வேண்டும் என்கிறேன் நான். அவர் டூப்பாக இருந்த வருஷங்கள்தான் கதாநாயகியாக இருந்த வருஷங்களுக்கு அர்த்தம் சொல்கின்றன.

*

பெற்றோர் அவருக்கு வைத்த பெயர் ரோஸ் வெங்கர். 1892இல் ஓஹியோ மாநிலத்தில் கிளீவ்லாந்து நகரத்தில் பிறந்தவர். ஐந்து பெண்பிள்ளைகளில் ஒருவர். 1909இல் ஊருக்கு வந்த குதிரைச் சாகசக் காட்சியைப் பார்க்கிறார். குதிரையேறப் பெண்கள் தேவை என்று விளம்பரம் வருகிறது, விண்ணப்பம் போடுகிறார். மில்லர் சகோதரர்கள் நடத்திய '101 ராஞ்ச்' என்ற காட்சிக் கம்பெனி அது. சவாரியை அங்கேதான் கற்றுக்கொள்கிறார். பாய்ந்து ஓடுகிற குதிரையிலிருந்து தரைவரைக்கும் தொங்கி, கீழே கிடக்கிற கைக்குட்டையை எடுக்கிற வித்தையை அங்கே பழகியிருக்கிறார். தலையில் குதிரை உதைத்தால் என்ன ஆகும் என்று பழைய ஆட்கள் எச்சரித்ததை, தான் காதில் போட்டுக்கொள்ளவில்லை என்று வயசான பிறகு சொல்லியிருக்கிறார்.

1911இல் கலிபோர்னியாவில் வெனிஸ் என்ற கடற்கரை ஊரில் காட்சி சீசன் முடிகிறது. தாமஸ் இன்ஸ் என்ற படத்தயாரிப்பாளர் அந்தப் பனிக்காலத்துக்குக் கம்பெனியை ஆளோடு, மாட்டோடு, குதிரையோடு வாரம் 2,500 டாலருக்கு எடுத்துக்கொள்கிறார். நம்ம ஊர்க் குத்தகை மாதிரிதான். அந்த 2,500இல் சவாரி செய்கிற ஆளின் கைக்கு வருவது வாரம் 8 டாலர். குதிரைகளை வெனிசில் கட்டியிருப்பார்கள். தினம் காலையில் ஐந்து மைல் சவாரி செய்து படம் பிடிக்கிற பள்ளத்தாக்குக்குப் போய்ச் சேர வேண்டும். அந்தக் காலத்து 8 டாலருக்கு இன்றைக்கு எவ்வளவு மதிப்பு என்கிற கணக்கை ஒதுக்கி வையுங்கள். 2,500க்கும் 8க்கும் நடுவில் யார் யார் நின்றார்கள் என்று கேளுங்கள். அமெரிக்க சினிமாவின் 'வீர மேற்கு' என்கிற பிம்பம் இந்த 8 டாலர் உடம்புகளின் மேல்தான் கட்டப்பட்டது.

1912இல் கேலம் கம்பெனியில் வாரம் 15 டாலருக்குச் சேர்கிறார். 1913இல் ஓரிகன் மாநிலத்தில் பெண்டில்டன் ஊரில் நடந்த குதிரைப் போட்டிக்குப் போன இடத்தில் ஹூட் கிப்சன் என்ற குதிரைவீரரோடு கல்யாணம். கல்யாணமானவர்களுக்குத்தான் முதலில் தங்க அறை கொடுத்தார்கள், அதனால் செய்துகொண்டோம் என்பது அவர் பிற்காலத்தில் சொன்ன காரணம். காதல் காவியம் தேடுகிறவர்களுக்கு இது ஏமாற்றமாக இருக்கும். வாடகைக்கு வீடு தேடி அலைந்தவர்களுக்குப் புரியும்.

*

தொடர்படம் என்றால் என்ன என்று இங்கே சொல்லிவிட வேண்டும். பத்திரிகைத் தொடர்கதை மாதிரிதான் அதுவும். கதை பத்திரிகையில் அச்சாகும், படம் கொட்டகையில் ஓடும், ஒன்று மற்றொன்றுக்கு ஆள் பிடித்துக் கொடுக்கும். 1912இல் எடிசன் கம்பெனி 'வாட் ஹாப்பண்ட் டு மேரி' என்ற தொடரை ஒரு பெண்கள் பத்திரிகையோடு சேர்ந்து வெளியிட்டது. 1913 கடைசியில் செலிக் கம்பெனியின் 'தி அட்வெஞ்சர்ஸ் ஆஃப் கேத்லின்', 1914இல் பாத்தே கம்பெனியின் 'தி பெரில்ஸ் ஆஃப் பாலின்'. எல்லாவற்றிலும் மையத்தில் ஓர் இளம்பெண். ஓடுவாள், குதிப்பாள், துப்பாக்கி பிடிப்பாள். பெண்களுக்கு அமெரிக்கா முழுக்க ஓட்டுரிமை வருவதற்கு முந்தைய காலம் இது. அது வந்தது 1920இல்.

இந்தத் தொடர்களின் ராணி என்று உலகம் முழுக்கப் பேர் வாங்கியவர் பேர்ல் ஒயிட். அவர் நடித்த பாலின் யார்? பெரிய சொத்துக்கு வாரிசு. கல்யாணத்துக்கு முன்னால் ஒரு வருஷம் ஊர் உலகத்தைப் பார்க்க வேண்டும் என்று ஆசைப்படுகிறாள். சொத்தைப் பார்த்துக்கொள்கிற செயலாளர் அவளைத் தீர்த்துக்கட்டத் திட்டம் போட்டுக்கொண்டே இருக்கிறான். 20 அத்தியாயங்களாக வந்த படம், இன்று மிஞ்சியிருப்பது ஒன்பது அத்தியாயமாகச் சுருக்கப்பட்ட ஐரோப்பியப் பதிப்பு. பார்த்தவரைக்கும் ஒன்று தெளிவாகத் தெரிகிறது. பாலினுக்கு வருகிற ஆபத்தெல்லாம் சொத்தினால் வருகிற ஆபத்து. சொத்து இல்லையென்றால் கதையே இல்லை.

இதற்குப் பக்கத்தில் கேலம் கம்பெனியின் 'தி ஹஸார்ட்ஸ் ஆஃப் ஹெலன்' தொடரை வைத்துப் பாருங்கள். 1914 நவம்பர் முதல் 1917 பிப்ரவரி வரை 119 அத்தியாயங்கள். ஒவ்வொன்றும் ஒரு ரீல், அந்தந்த வாரமே முடிந்துவிடுகிற கதை. இதில் வருகிற ஹெலன் ரயில்வே ஸ்டேஷனில் தந்தி ஆப்பரேட்டர். சம்பளத்துக்கு உட்கார்ந்திருக்கிறவள். அவளுக்கு வருகிற ஆபத்து வேலையினால் வருகிற ஆபத்து: பிரேக் பிடிக்காத எஞ்சின், எதிரெதிரே வருகிற ரயில்கள், சம்பளப் பணத்துக்கு வருகிற கொள்ளைக்காரர்கள். சில அத்தியாயங்களில் நடந்த தப்புக்கு அவளைப் பொறுப்பாக்கி வேலையைவிட்டே தூக்கிவிடுகிறார்கள். ஓடுகிற ரயிலில் ஏறி, திருடனைப் பிடித்து, தான் அந்த நாற்காலிக்கு லாயக்கானவள் என்று மறுபடியும் காட்டினால்தான் வேலை திரும்பக் கிடைக்கிறது. ஆண் ஆப்பரேட்டர் யாரும் இப்படி வாராவாரம் உயிரைப் பணயம் வைத்து லாயக்கை நிரூபிக்கவில்லை. முதல் தலைமுறையாக ஆபீசுக்குள் நுழைந்து, மற்றவர்களைவிட ஒரு மடங்கு அதிகம் வேலை செய்துகாட்டினால்தான் 'பரவாயில்லையே' என்று சொல்லப்படுகிறவர்கள் இந்த இடத்தில் கொஞ்சம் நின்று பார்ப்பார்கள்.

*

ஹெலனாக முதலில் நடித்தவர் ஹெலன் ஹோம்ஸ். அவர் கணவர் ஜே. பி. மெக்கவன்தான் பெரும்பாலான படங்களை இயக்கினார். ரோஸ் கிப்சன் அங்கே ஹோம்சுக்கு டூப்பு. 1915 ஏப்ரலில் 'எ கேர்ள்ஸ் கிரிட்' என்ற அத்தியாயத்துக்காக அவர் செய்ததை அவருடைய மிக ஆபத்தான வேலை என்று சொல்கிறார்கள். ஸ்டேஷன் கூரையிலிருந்து, ஓடுகிற ரயிலின் மேல் குதிக்க வேண்டும். கூரைக்கும் ரயிலுக்கும் உள்ள தூரத்தை முதலில் அளந்திருக்கிறார்கள். ரயிலை நிறுத்திவைத்துக் குதித்துக் குதித்துப் பழகியிருக்கிறார். கேமராவுக்காகக் கால் மைல் தூரம் ரயில் ஓட வேண்டும், எந்த நொடியில் எவ்வளவு வேகத்தில் வரும் என்று கணக்குப் போட்டு வைத்திருக்கிறார்கள். குதித்தார், சரியாக இறங்கினார். ஆனால் ரயில் ஓட்டத்தில் உடம்பு உருண்டு பெட்டியின் விளிம்புக்குப் போய்விட்டது. கூரையில் இருந்த காற்றுக்குழாயைப் பிடித்துக்கொண்டார். பிடித்தவர் அதோடு விடவில்லை. திரையில் இன்னும் நன்றாக இருக்கும் என்று உடம்பை விளிம்புக்கு வெளியே தொங்கவிட்டிருக்கிறார். சில சிராய்ப்புகளோடு தப்பித்தார்.

இதை எழுதுகிற எல்லோரும் 'பயமறியாத பெண்' என்று எழுதுகிறார்கள். இந்தப் பாராட்டு எனக்கு ஒப்பவில்லை. அளந்தது, பழகியது, நொடிக் கணக்குப் போட்டது, விழப்போன இடத்திலும் கேமரா எங்கே இருக்கிறது என்று நினைவு வைத்திருந்தது, இதெல்லாம் தொழில். தச்சுக்காரருக்கு உளி மாதிரி, பனையேறிக்குக் கால்தளை மாதிரி, உடம்பில் ஏறிய அறிவு. அதை 'தைரியம்' என்று சொல்லிவிட்டால் அது பிறவிக்குணம் ஆகிவிடுகிறது. பிறவிக்குணத்துக்குச் சம்பளம் கொடுக்க வேண்டியதில்லை, கைதட்டினால் போதும். உழைக்கிறவர்களைப் பார்த்து 'அவங்களுக்கு உடம்பு அப்படி, தாங்கும்' என்று காலம்காலமாகச் சொல்லிவருகிறார்களே, அந்தப் பேச்சின் இன்னொரு வடிவம்தான் இந்தப் பாராட்டு.

1915இலேயே ஹோம்சும் மெக்கவனும் கேலம் கம்பெனியை விட்டுப் போய்விட்டார்கள். தொடர் நின்றுவிடக் கூடாது, கொட்டகைக்காரர்கள் வாராவாரம் கேட்கிறார்கள். அதுவரை முதுகைக் காட்டிக்கொண்டிருந்த டூப்பைத் திருப்பி நிறுத்தி முகத்தைக் காட்டச் சொன்னார்கள். ஒரே ஒரு சிக்கல்தான். தொடரின் பெயர் ஹெலன். நடிப்பவர் பெயர் ரோஸ். தீர்வு சுலபம். ரோஸின் பெயரை ஹெலன் என்று மாற்றிவிட்டார்கள்.

கேலம் என்ற கம்பெனிப் பெயர் எங்கிருந்து வந்தது தெரியுமா? கிளைன், லாங், மேரியன் என்ற மூன்று முதலாளிகளின் பெயர்களின் முதல் எழுத்துகள், கே, எல், எம். முதலாளி பெயரின் ஒற்றை எழுத்துகூடக் கம்பெனியாக நிலைத்து நிற்கிறது. தொழிலாளியின் முழுப்பெயர் ஒரே நாளில் மாற்றப்படுகிறது. ஹெலன் என்ற பெயர் கம்பெனியின் சரக்கு, அதை யார் உடம்பில் வேண்டுமானாலும் மாட்டலாம். இந்தப் பத்திரிகையை வாசிக்கிறவர்களுக்குப் பெயர் வைக்கிற அதிகாரத்தைப் பற்றி நான் விளக்க வேண்டியதில்லை. சூத்திரனுக்கு இழிவு தோன்றும்படி பெயர் வை என்று சட்டம் எழுதிய மநுவும், பண்ணையாள் பிள்ளைக்கு இன்ன பெயர்தான் என்று சொன்ன ஊர்களும் நமக்குத் தெரிந்தவை. ரோஸுக்கு நடந்தது அதே கொடுமை என்று நான் சொல்லவில்லை. அவருக்குக் கிடைத்தது வெளிச்சமான பெயர். ஆனால் பெயரைத் தருகிறவன் அதைத் திரும்ப வாங்கிக்கொள்ளவும் முடியும் என்பது இரண்டு இடத்திலும் ஒன்றுதான்.

*

ஹெலன் கிப்சனாக அவர் தொடரின் மிச்ச அத்தியாயங்களில் நடித்தார். மோட்டார் சைக்கிளில் முழுவேகத்தில் வந்து மரக் கேட்டை உடைத்து, பிளாட்பாரத்தில் ஏறி, பக்கத்துத் தண்டவாளத்தில் நிற்கிற சரக்குப் பெட்டியின் திறந்த கதவுகளுக்குள் புகுந்து மறுபக்கம் பாய்ந்து, அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருக்கிற ரயிலின் திறந்த பெட்டியில் போய் விழுகிற காட்சி அவருடையது. இந்தமுறை முகமும் உடம்பும் ஒரே ஆளுடையவை. தொடர்படங்களின் கதாநாயகிகளைப் பற்றிப் பேசும்போது இந்த ஒன்று முக்கியம், ஏனென்றால் மற்ற இடங்களில் அப்படி இல்லை.

பேர்ல் ஒயிட் கதையைப் பாருங்கள். ஆரம்பத்தில் நிறையச் சாகசங்களை அவரே செய்தார், முதுகில் அடியும் பட்டது. பிறகு டூப்பு வந்தது. ஆனால் எல்லாம் அவரே செய்கிறார் என்றுதான் விளம்பரம். 1922 ஆகஸ்டில் நியூயார்க்கில் 'பிளண்டர்' என்ற தொடருக்குப் படப்பிடிப்பு. ஓடுகிற பஸ்ஸின் கூரையிலிருந்து, மேலே போகிற ரயில் பாதையின் இரும்பு உத்தரத்தைத் தாவிப் பிடிக்க வேண்டும். பேர்ல் ஒயிட் மாதிரி தலையில் விக் வைத்துக்கொண்டு குதித்தவர் ஜான் ஸ்டீவன்சன் என்ற ஆண். பிடி தவறி விழுந்து செத்துப்போனார். அவர் செத்த பிறகுதான் பேர்ல் ஒயிட்டுக்கு டூப்பு உண்டு என்பது ஊருக்குத் தெரிந்தது. உயிரோடு இருந்தவரைக்கும் அவர் பொய், செத்தவுடன் செய்தி. பேர்ல் ஒயிட்டை நான் குற்றம் சொல்லவில்லை, அவரும் கம்பெனி விற்ற பிம்பத்தில் மாட்டிக்கொண்டவர்தான். அதற்குப் பிறகு தொடர்களை விட்டு பிரான்சுக்குப் போனார், 1924இல் ஒரு படம் நடித்ததோடு சரி. 1938இல் பாரிசுக்குப் பக்கத்தில் இறந்தார்.

விக் வைத்த ஆண் என்பது தற்செயல் இல்லை. பின்னால் வந்த காலத்தில் பெண்ணுக்குச் செய்ய வேண்டிய ஸ்டண்ட் வேலையை ஆணுக்கு விக் மாட்டிக் கொடுப்பது ஹாலிவுட்டில் வழக்கமாகவே ஆனது. அதாவது, பெண்ணின் வீரம் திரையில் விலைபோகும், பெண்ணுக்கு அந்த வேலை மட்டும் கிடைக்காது.

வெகுசன நினைவு இன்னொரு வேலையும் செய்திருக்கிறது. மௌனப்பட ரயில் சாகசம் என்றவுடன் உலகத்தில் யாரைக் கேட்டாலும் என்ன சொல்வார்கள்? தண்டவாளத்தில் கட்டிப்போட்ட பெண், மீசையை முறுக்குகிற வில்லன், ஓடிவந்து அவிழ்த்துவிடுகிற கதாநாயகன். இந்தக் காட்சிக்கு மூலம் 1867இல் நியூயார்க்கில் அகஸ்டின் டேலி போட்ட 'அண்டர் தி கேஸ்லைட்' என்ற நாடகம் என்கிறார்கள். அதில் தண்டவாளத்தில் கட்டப்பட்டவன் ஆண், காப்பாற்றியவள் பெண். சினிமாவில் பெண்ணைக் கட்டிப்போட்ட காட்சி பேர் வாங்கியது கீஸ்டோன் கம்பெனியின் கேலிப்படங்களில், 1913இல் மேபல் நார்மண்டை வைத்து எடுத்த படம் மாதிரியானவற்றில். கேலி நினைவில் நின்றது. வாராவாரம் ரயிலை நிறுத்திக்கொண்டிருந்த ஹெலன் மறந்துபோனாள். காப்பாற்றியவளைக் காப்பாற்றப்பட்டவளாக மாற்றி வைத்துக்கொண்டது வரலாறு. இது மறதி மட்டும்தான் என்று நான் நம்பவில்லை. எந்த நினைவு யாருக்கு வசதி என்ற அரசியல் இதில் இருக்கிறது.

*

சரி, அப்படியானால் ஹெலன் கிப்சனை ஒடுக்கப்பட்டவரின் பிரதிநிதியாக்கிக் கொண்டாடிவிடலாமா? அங்கேயும் நிதானம் வேண்டும். அவர் வேலை கற்ற அதே 101 ராஞ்ச் கம்பெனியில் பில் பிக்கெட் என்ற கறுப்பின வீரர் இருந்தார். ஓடுகிற குதிரையிலிருந்து பாய்ந்து காளையின் கொம்பைப் பிடித்துச் சாய்க்கிற வித்தையை உண்டாக்கியவர் என்று அவரைச் சொல்கிறார்கள். கறுப்பர்களைச் சேர்க்காத போட்டிகளில் அவரைச் செவ்விந்தியர் என்று சொல்லி இறக்க வேண்டியிருந்தது. அவர் கண்டுபிடித்த வித்தை அமெரிக்கக் குதிரைப் போட்டிகளில் நிலைத்துவிட்டது. அவர் ஹாலிவுட் கதாநாயகன் ஆகவில்லை. ரோஸுக்குப் பெயரை மாற்றினால் போதும், கதவு திறந்தது. பிக்கெட்டுக்கு எந்தப் பெயரை வைத்தாலும் திறந்திருக்காது.

'கேத்லின்' தொடரையும் மறக்கக் கூடாது. அதன் கதை நடப்பது இந்தியாவில், 'அல்லஹா' என்ற கற்பனை ராஜ்ஜியத்தில். வெள்ளைக்காரப் பெண் அங்கே ராணி ஆக்கப்படுகிறாள். நம்மைப்போல இருப்பவர்களாக வருகிறவர்களில் பலர் சாயம் பூசிய வெள்ளை நடிகர்கள், வில்லன்கள், சதிகாரர்கள். பெண்விடுதலையின் ஆரம்பம் என்று கொண்டாடப்படுகிற தொடர்படங்களின் சுதந்திர வெளி, இப்படி மற்றவர்களை மிருகங்களோடு சேர்த்துப் பின்னணியில் நிறுத்தித்தான் உண்டாக்கப்பட்டது. இருபது வருஷம் கழித்துப் பம்பாயில் வாடியா மூவிடோன் 'ஹண்டர்வாலி' எடுத்தபோது, 1935இல், சவுக்கு பிடித்த இந்திய இளவரசியாக வந்தவரும் ஆஸ்திரேலியாவில் பிறந்த நாடியாதான். தன் சண்டைகளைத் தானே போட்டவர், அவர் உழைப்பைக் குறைத்துச் சொல்ல முடியாது. ஆனால் அவரைப் பற்றி எழுதிய ரோஸி தாமஸ், கட்டுரைத் தலைப்பிலேயே பேர்ல் ஒயிட்டின் பெயரை வைத்து நிறத்தைக் கேள்வி கேட்டார் என்பதையும் கவனிக்க வேண்டும்.

இந்தப் படங்களின் சில அத்தியாயங்களை மாணவர்களோடு சேர்ந்து பார்த்தபோது ஒரு தம்பி கேட்டான்: "அக்கா, இது வெறும் பொழுதுபோக்குதானே? கூலிக்குப் போற பொண்ணுங்களை வாரம் ஒருநாள் மயக்கி வைக்கிற வேலைதானே?" நியாயமான கேள்வி. நம் இயக்கங்களிலும் சினிமாவைப் பற்றி இப்படித்தான் பேசுவோம். இதற்கு நான் என்ஸ்டாட் என்ற ஆய்வாளர் 1999இல் எழுதிய புத்தகத்தில் ஒரு பதில் இருக்கிறது. 1909இல் நியூயார்க்கில் சட்டை தைக்கிற தொழிற்சாலைகளில் ஆயிரக்கணக்கான இளம்பெண்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், பலர் குடியேறி வந்தவர்கள். அவர்கள் மலிவு நாவல் படிக்கிறார்கள், பெரிய தொப்பி போடுகிறார்கள் என்று அவர்களுக்காகப் பேசிய தலைவர்களே முகம் சுளித்தார்கள். ஆனால் அந்த நாவலும் தொப்பியும் பின்னால் வந்த மேரி படங்களும் அந்தப் பெண்களுக்குத் தங்களை மரியாதைக்குரியவர்களாக நினைத்துப் பார்க்க இடம் கொடுத்தன என்கிறார் அவர். தந்தி ஆப்பரேட்டர் ரயிலை நிறுத்துவதைப் பார்த்து விசிலடித்தவள், மறுநாள் மேஸ்திரியை நிமிர்ந்து பார்த்திருக்க மாட்டாள் என்று எப்படிச் சொல்ல முடியும்? பென் சிங்கர் மாதிரி ஆய்வாளர்கள் இந்தத் தொடர்களில் பெண்ணின் வலிமையும் பெண்ணுக்குத் தருகிற வதையும் சேர்ந்தே இருக்கின்றன என்கிறார்கள். அது சரி. ஆனால் இரண்டு பக்கமும் திரையில் தெரிகிற பெண்ணைப் பற்றியே பேசுகின்றன. திரைக்கு இந்தப் பக்கம் கூரைமேல் நின்று தூரத்தை அளந்த பெண்ணை விமர்சனம் கணக்கில் எடுக்க வேண்டும் என்பதுதான் நான் சேர்க்க விரும்புவது.

*

அந்தப் பெண்ணுக்குப் பிறகு என்ன ஆனது? 1917இல் ஹெலன் தொடர் முடிந்தது. அதே வருஷம் கேலம் கம்பெனியை வைட்டாகிராப் வாங்கிவிட்டது. கிப்சன் யுனிவர்சல் கம்பெனிக்குப் போனார். 1920இல் சொந்தமாகக் கம்பெனி வைத்து 'நோ மேன்ஸ் வுமன்' என்ற படத்தைத் தொடங்கினார், முடிப்பதற்குள் பணம் தீர்ந்துபோனது. 1921இல் வாரம் 450 டாலர் என்று ஒரு ஒப்பந்தம் வந்தது. அந்த நேரம் பார்த்துக் குடல்வால் வெடித்து ஆஸ்பத்திரியில் படுத்தார். வேறு ஆளைப் போட்டுக்கொண்டார்கள். ரயிலில் விழுந்து பிழைத்த உடம்பு வயிற்றுவலியில் வேலை இழந்தது. உடம்புதான் மூலதனம் என்கிறவர்களுக்கு நோய் என்பது திவால்.

இதே வருஷங்களில் ஹூட் கிப்சன் யுனிவர்சலின் பெரிய குதிரைவீர நட்சத்திரமாக உயர்ந்தார். இருவரும் பிரிந்தார்கள். இரண்டு பேரும் கற்றது ஒரே தொழில், வந்தது ஒரே பாதை. ஆணுக்கு அது நட்சத்திரப் பதவியாக ஆனது. பெண் 1924இல் ரிங்லிங் சர்க்கசில் குதிரை வித்தை காட்டப் போனார்.

1927இல் ஹாலிவுட்டுக்குத் திரும்பி வந்து மறுபடியும் டூப்பு. லூயிஸ் ஃபசெண்டா, ஐரீன் ரிச், எட்னா மே ஆலிவர், மேரி டிரெஸ்லர், மார்ஜரி மெயின், எதெல் பேரிமோர் என்று எத்தனையோ நடிகைகளுக்காக விழுந்தார், குதித்தார். கும்பலில் ஒருவராக நின்றார். பெயர்ப் பட்டியலில் பெரும்பாலும் பெயர் இல்லை. இதைத்தான் 'வீழ்ச்சி' என்கிறார்கள். நான் அப்படிச் சொல்ல மாட்டேன். ஐம்பது வயசைத் தாண்டியும் ஒரு பெண் தன் தொழிலை விடாமல் செய்தார் என்று சொல்வேன். விழுந்தது அவருடைய தகுதி இல்லை. அவருக்குக் கொடுத்த பெயரைக் கம்பெனிகள் திரும்ப வாங்கிக்கொண்டன.

கடைசியாக அவர் வேலை செய்த படம் ஜான் ஃபோர்டின் 'தி மேன் ஹூ ஷாட் லிபர்ட்டி வேலன்ஸ்'. 1961இல் எடுத்து 1962இல் வெளியானது. அறுபத்தொன்பது வயசில் குதிரைவண்டி ஓட்டினார், கூலி 35 டாலர். பட்டியலில் பெயர் இல்லை. அந்தப் படத்தின் கதையை நினைத்துப் பாருங்கள். ஊரை நடுங்கவைத்த ரவுடியைச் சுட்டவன் என்ற பேரோடு ஒருத்தர் செனட்டர் ஆகிறார். உண்மையில் இருட்டில் நின்று சுட்டவன் வேறொருவன். அவன் பேர் தெரியாமல், காலில் பூட்சுகூட இல்லாமல் பெட்டியில் கிடக்கிறான். செய்தவன் ஒருத்தன், பேர் வாங்கியவன் ஒருத்தன் என்பதைப் பற்றிய படம் அது. அதை ஹாலிவுட்டின் மாபெரும் படைப்புகளில் ஒன்று என்று விமர்சகர்கள் எழுதிக்கொண்டே இருக்கிறார்கள். அதே படத்தில் பெயரில்லாமல் வண்டி ஓட்டிப்போன கிழவி யார் என்று அவர்களில் எத்தனை பேர் கேட்டார்கள்?

1968இல் 'பிலிம்ஸ் இன் ரிவ்யூ' பத்திரிகையில் தன் கதையைத் தானே எழுதினார் ஹெலன் கிப்சன். நான் இங்கே சொன்னதில் பாதிக்குமேல் அந்தச் சாட்சியம் இல்லையென்றால் நமக்குக் கிடைத்திருக்காது. எட்டு டாலரும் ஐந்து மைலும் எந்த ஸ்டுடியோ வரலாற்றிலும் வராது. 1977இல் ஓரிகனில் இறந்தார். ஆண்களுக்கு மட்டுமான ஸ்டண்ட் சங்கம் 1961இல் உருவானது. பெண்கள் தங்களுக்கென்று தனிச் சங்கம் கட்டியது 1967இல். ஸ்டண்ட் வேலைக்கு ஆஸ்கார் விருது தருவதாக அகாடமி அறிவித்ததோ 2025 ஏப்ரலில், அதுவும் 2027இல் வெளியாகிற படங்களிலிருந்து. ரோஸ் வெங்கர் ஸ்டேஷன் கூரையில் நின்றதற்கும் இந்த அறிவிப்புக்கும் நடுவில் 110 வருஷம் ஓடியிருக்கிறது. விருதின் பெயரில் இருப்பது 'ஸ்டண்ட் வடிவமைப்பு'. மேடையில் ஏறப்போவது வடிவமைத்தவரா, விழுந்தவரா என்று பார்க்கத்தான் போகிறோம்.

சினிமா பற்றி எழுத வருகிற மாணவத் தோழர்களுக்கு ஒன்று சொல்வேன். பிம்பம், குறியீடு, கதையாடல் எல்லாம் எழுதுங்கள், நானும் அதைப் படித்து வந்தவள்தான். கூடவே சம்பளம் எவ்வளவு, யாருடைய முதுகு அது, பிறந்தபோது என்ன பெயர் என்ற மூன்று கேள்வியையும் கேட்டு எழுதுங்கள். படத்தில் எது டூப்பு, எது நிஜம் என்பதை அதற்கப்புறம் முடிவுசெய்யலாம்.